வில்லியத்தில் வில் இல்லை

மலேசியாவில் கேமரன் மலை என்று நாம் சொல்லும் இடத்துக்குப் பெயர் தந்தவர் வில்லியம் கேமரன். 1885இல் பேராக், பகாங் எல்லைப் பகுதியை அளந்து வரைபடமாக்க ஆங்கில அரசு அனுப்பிய ஆய்வாளர் அவர். மலைகள் சூழ, சரிவு குறைந்த மேட்டுநிலம் ஒன்றைப் பார்த்ததாக எழுதிவைத்தார். ஆனால் அது இருக்கும் இடத்தை வரைபடத்தில் சரியாகக் குறிக்கவில்லை. 1925இல் ஜார்ஜ் மேக்ஸ்வெல் நேரில் வந்து பார்த்த பிறகுதான் இந்த நிலத்தை மலைவாசத் தலமாக்கும் வேலை சூடுபிடித்தது. 1929இல் ஜான் ஆர்ச்சிபால்ட் ரசல் போ தேயிலைத் தோட்டத்தைத் தொடங்கினார். அந்த ஆய்வாளருடைய பெயரில் பாதிதான் மலைக்கு வந்தது. கேமரன் என்பது ஸ்காட்லாந்தின் கேலிக் மொழிக் குலப்பெயர். ‘கோணல் மூக்கு’ என்று அதற்குப் பொருள் சொல்வது வழக்கம். யாரோ ஒரு முன்னோருக்கு ஊரார் வைத்த பட்டப்பெயர் குலத்துக்கே பெயராகி, கடல் தாண்டி வந்து, செமாய் மக்கள் காலங்காலமாக வாழ்ந்துவந்த மலைக்கும் பெயராகிவிட்டது. வில்லியம் என்ற மற்றப் பாதி வரைபடத்தில் ஏறவில்லை. இந்தப் பதிவு அந்தப் பாதியைப் பற்றியது.

வில்லியம் என்றதும் தமிழ்க் காதில் முதலில் விழுவது ‘வில்’. சேரன் கொடியில் இருந்த வில். வில்லவன் என்று சேரனுக்கே பெயராக நின்ற வில். வில்லியம், வில்சன், வில்பிரட் என்று நம் தேவாலயப் பதிவேடுகளில் நிறைந்திருக்கும் பெயர்களில் எல்லாம் இந்த ஓசை கேட்கிறது. எனவே ‘வில்லாளன் என்பதே வில்லியம் ஆயிற்று’ என்று யாராவது சொன்னால் உடனே மனம் ஒப்புகிறது. அது ஒப்பக் கூடாது என்பதும், ஒப்பாமல் விட்டால் நமக்கு இழப்பு ஏதுமில்லை, மாறாகப் பெரிய வரவு இருக்கிறது என்பதும்தான் நான் சொல்ல வருவது. ஒரு பெயர் எப்படி ஒலிக்கிறது என்று கேட்டால் நம் காது ஏற்கெனவே அறிந்ததைத்தான் திருப்பிக் கொடுக்கும். அது எந்த வழியாக, யார் யார் கைமாறி வந்தது என்று கேட்டால்தான் பொருள் கிடைக்கும்.

வழியிலிருந்தே தொடங்குவோம். வில்லியம் ஒரு பழைய ஜெர்மானிய ஆண்பெயர். அதன் பழைய உயர்ஜெர்மன் வடிவம் வில்லஹெல்ம். இன்றைய ஜெர்மனில் வில்ஹெல்ம், டச்சில் வில்லெம், பிரெஞ்சில் கியோம், ஸ்பானியத்தில் கியேர்மோ, இத்தாலியத்தில் குல்யெல்மோ. பிரெஞ்சு வடிவத்தில் ‘வ’ போய்க் ‘க’ வந்ததைக் கவனியுங்கள். இது தற்செயல் அல்ல. ஜெர்மானியச் சொற்கள் பிரெஞ்சுக்குள் நுழைந்தபோது முதலெழுத்தான வகர ஓசை ககரமாயிற்று. ஆங்கிலத்தில் ‘வார்’ என்று நிற்கும் ஜெர்மானியப் போர்ச்சொல் பிரெஞ்சில் ‘கேர்’ ஆனதும் அப்படித்தான். வடக்கே நார்மண்டியில் பழைய வகரம் நிலைத்தது. ஆங்கிலேயர் அந்த நார்மன் வடிவத்தை வாங்கிக்கொண்டதால்தான் நமக்குக் ‘கில்லியம்’ வராமல் ‘வில்லியம்’ வந்தது. பெயரின் பிற்பாதி ‘ஹெல்ம்’ என்பது நார்மன் வாயில் தேய்ந்து ‘யம்’ என்று ஒடுங்கியது. தேயாத வடிவத்தைப் பார்த்தால் இரண்டு பகுதிகளும் பளிச்சென்று தெரிகின்றன. ‘வில்’ என்பது விருப்பம், மன உறுதி. ‘ஹெல்ம்’ என்பது தலையைக் காக்கும் கவசம்.

இந்த இரண்டு சொற்களும் ஏற்கெனவே தமிழர் வீடுகளில் புழங்குகின்றன. சொத்தை இன்னாருக்கு என்று எழுதிவைக்கும் பத்திரத்தை உயில் என்கிறோம். அது ‘வில்’ என்ற ஆங்கிலச் சொல்லின் தமிழ் வடிவம். எழுதியவரின் விருப்பம் என்பதே அதன் அடிப்படைப் பொருள். மோட்டார் சைக்கிளில் ஏறும்போது மாட்டிக்கொள்ளும் ஹெல்மெட், ‘ஹெல்ம்’ என்பதன் சிறுமை வடிவம்; பிரெஞ்சு வழியாகச் சுற்றி வந்தது. ஆகவே வில்லியம் என்ற பெயருக்கு உறவுச்சொல் தேடினால் நமக்கு உயிலும் ஹெல்மெட்டும் கிடைக்கின்றன. அம்பு பூட்டும் வில் கிடைக்கவில்லை. வில்லைக் குறிக்க ஜெர்மானிய மொழிகளுக்குத் தனிச்சொல் இருந்தது. ஆங்கிலத்தின் ‘போ’ அதிலிருந்து வந்ததுதான். வில் என்ற தமிழ்ச்சொல்லைக் கொண்டு விளக்கினால் பெயரின் முதற்பாதி மட்டும் ஒலியளவில் பொருந்துகிறது. ‘ஹெல்ம்’ என்ற மறுபாதி அந்தரத்தில் நிற்கிறது. பாதியை விளக்கி மீதியைக் கைவிடும் விளக்கம் விளக்கமாகாது.

‘எழுத்து எழுத்தாகப் பொருந்துவதைவிடப் பெரிய சான்று என்ன வேண்டும்?’ என்று ஒருவர் கேட்கலாம். இதற்கான விடையைத் தமிழின் உடன்பிறப்பு மொழிகளே தருகின்றன. நம் பால் கன்னடத்தில் ஹாலு, பல் ஹல்லு, பூ ஹூ. வா என்பது அங்கே ‘பா’ என்று ஒலிக்கிறது, வேர் ‘பேரு’, வில் ‘பில்லு’. ஒலிகள் மாறியிருக்கின்றன, ஆனால் ஒழுங்காக மாறியிருக்கின்றன: தமிழில் பகரம் உள்ள இடத்தில் கன்னடத்தில் ஹகரம், வகரம் உள்ள இடத்தில் அழுத்தம் குறைந்த பகரம். இந்த ஒழுங்குதான் உறவுக்குச் சான்று. பாலும் ஹாலும் ஒரே மாதிரி ஒலிக்கவில்லை, ஆனாலும் உறவு. ஒரே மாதிரி ஒலிக்கும் இரண்டு சொற்கள் ஒன்றையொன்று அறியாத அயலாராகவும் இருக்கலாம். 1816இல் சென்னையில் பிரான்சிஸ் ஒயிட் எல்லிஸ் தென்மொழிகள் ஒரு தனிக்குடும்பம் என்று காட்டியபோதும், 1856இல் ராபர்ட் கால்டுவெல் அதை விரித்து நூலாக்கியபோதும், அவர்கள் நம்பியது சொற்கூட்டத்திலும் இலக்கணத்திலும் காணும் இத்தகைய ஒழுங்கையே. திராவிட மொழிக் குடும்பம் என்ற கருத்தை நாம் பெருமையோடு ஏற்கிறோம் என்றால், அதை நிறுவிய அளவுகோலை வில்லியத்துக்கும் வைத்தாக வேண்டும். வேண்டியபோது எடுத்து வேண்டாதபோது மறைக்கிற அளவுகோலுக்கு மதிப்பில்லை.

காதை மட்டும் நம்பினால் என்ன ஆகும் என்பதை இந்த மலையிலேயே பார்க்கலாம். இங்குள்ள தானா ராத்தா என்ற ஊரின் பெயரைத் தமிழ்க் காதோடு கேட்டால் ‘தானாக’ என்பதும் ‘ராதா’ என்பதும் தட்டுப்படும். அதை வைத்து யாரோ ஒரு ராதையின் கதையைக் கட்டிவிடலாம். ஆனால் மலாய் தெரிந்த எவரும் அதை ஒரு நொடியும் ஏற்க மாட்டார்கள். ‘தானா’ என்றால் நிலம், ‘ராத்தா’ என்றால் சமம். மலைகளுக்கு நடுவே சமமாகக் கிடக்கும் நிலம். இன்னும் நெருக்கமான எடுத்துக்காட்டு தேயிலை. தேயிலையைப் பறித்து வாட்டிய பிறகு தொழிற்சாலையில் உருளைகளுக்கு இடையே இட்டுத் தேய்த்து முறுக்குகிறார்கள். ஆகவே ‘தேய்த்த இலையே தேயிலை’ என்று சொன்னால் ஓசையும் பொருந்தும், தொழிலும் பொருந்தும். இருந்தும் அது தவறு. ‘தே’ என்பது சீனத்தின் ஹொக்கியன் பேச்சில் இந்தச் செடிக்குரிய பெயர். மலாயில் ‘தே’, டச்சில் ‘தே’, ஆங்கிலத்தில் ‘டீ’ என்று கடல்வழியே பரவிய அதே சொல் தமிழில் இலையோடு சேர்ந்தது. பொருளும் ஓசையும் இவ்வளவு அழகாக ஒத்துப்போகும் இடத்திலேயே காது நம்மை ஏமாற்றுகிறது என்றால், ஆயிரக்கணக்கான மைலுக்கு அப்பால் பிறந்த ஒரு பெயரில் அதை எப்படி நம்புவது?

இங்கே ஒரு கனமான மறுப்பு எழும். ‘தமிழ் தொன்மையான மொழி, ஞா. தேவநேயப் பாவாணர் போன்றவர்கள் வாழ்நாள் முழுவதும் உழைத்து, உலக மொழிகளில் தமிழ் வேர்களைக் காட்டியிருக்கிறார்கள். நீ அதையெல்லாம் தள்ளுகிறாயா?’ பாவாணரின் உழைப்பையும், தமிழ்ச் சொற்களின் நுண்பொருள் வேறுபாடுகளை அவர் பிரித்துக் காட்டிய கூர்மையையும் நான் மதிக்கிறேன். ஆனால் ஒருவரை மதிப்பதும் அவர் முடிவுகள் ஒவ்வொன்றையும் சோதிக்காமல் ஏற்பதும் வேறு வேறு. தமிழ் உலகுக்குச் சொல் கொடுத்ததற்குச் சான்று தேடி நாம் வில்லியத்திடம் போக வேண்டியதில்லை. தானா ராத்தாவின் கடைத்தெருவில் நின்றாலே போதும். மலாயின் ‘கெடாய்’ நம் கடை. ‘காப்பால்’ நம் கப்பல். ‘காத்தில்’ நம் கட்டில். ‘மோடால்’ நம் முதல், அதாவது வணிகத்தில் போட்ட முதல். ஆங்கிலத்தின் ‘கட்டமரான்’ நம் கட்டுமரம். ‘செரூட்’ நம் சுருட்டு. இவற்றில் ஓசை பொருந்துகிறது, பொருள் பொருந்துகிறது, கப்பலேறிப் போன வணிகரின் வரலாறும் பொருந்துகிறது. மூன்றும் கூடி நிற்பதால் எவராலும் மறுக்க முடிவதில்லை. வில்லியத்தைப் போன்ற பொய்ச்சான்று ஒன்றைப் பட்டியலில் சேர்த்தால், அதைக் காட்டியே மெய்ச்சான்றுகளையும் ஒதுக்குவதற்குப் பிறர் கையில் நாமே கருவி கொடுக்கிறோம். தமிழின் மேல் உள்ள அக்கறையே என்னை இதைச் சொல்ல வைக்கிறது.

காதின் வழியை விட்டால் வரவு உண்டு என்றேன். ஒழுங்கைத் தேடும் மற்ற வழியைத் திறந்தவர்களில் ஒருவர் பெயரும் வில்லியம்தான். 1786இல் கல்கத்தாவில் வில்லியம் ஜோன்ஸ், சமஸ்கிருதமும் கிரேக்கமும் இலத்தீனும் ஒரே மூலத்திலிருந்து கிளைத்திருக்க வேண்டும் என்று அறிவித்தார். ஜெர்மானிய மொழிகளையும் அந்த உறவுக்குள் சேர்த்தார். 1822இல் யாக்கோப் கிரிம் ஜெர்மானிய மொழிகளின் ஒலிமாற்றங்களை விதிகளாக வகுத்தார். அந்த விதிகளின்படி, சமஸ்கிருதத்தில் சகரம் நிற்கும் சில சொற்களில் ஜெர்மானியத்தில் ஹகரம் நிற்கும். சதம் என்ற நூறு ஆங்கிலத்தில் ‘ஹண்ட்ரட்’; சுவானம் என்ற நாய் ‘ஹவுண்ட்’. வகரம் அப்படியே நிற்கும்: விதவை ‘விடோ’. லகரம் நிற்கும் இடத்தில் சமஸ்கிருதத்தில் பல வேளை ரகரம் வரும்: சுருதியில் உள்ள வேர்தான், பழைய ஆங்கிலத்தில் ‘ஹ்லூத்’ என்று இருந்து இன்று ‘லவுட்’ ஆகியிருக்கும் சொல்லிலும் உள்ளது. இதே கணக்கில் ‘ஹெல்ம்’ என்பதை மொழியியலாளர்கள் ‘சர்மன்’ என்ற சொல்லோடு சேர்க்கிறார்கள். காப்பு, புகலிடம் என்று பொருள். சரண் அடைதல் என்று நாம் சொல்லும் சரணையும், சாலையையும் அதே வேரில் வைப்பார்கள். ‘வில்’ என்ற விருப்பமோ, தேர்ந்துகொள்வதைக் குறிக்கும் வேரிலிருந்து வந்தது; வரம், வரன், சுயம்வரம் ஆகியவை அதன் உறவுகள். அப்படியானால் வரம் கேட்டுக் கோயிலில் நிற்பவர் வாயிலும், தேயிலைத் தொழிற்சாலைக்கு வேலைக்குப் போகிறேன் என்பவர் வாயிலும் வில்லியத்தின் தூரத்து உறவுகள் இருக்கின்றன. இவை தமிழின் சொந்த வேர்கள் அல்ல, சமஸ்கிருதம் வழியாக நம்மிடம் வந்து தங்கியவை. ஆனால் இந்த உறவு மெய்யானது. காதால் தேடியிருந்தால் சரணையும் ஹெல்மெட்டையும் யாரும் அருகருகே வைத்திருக்க மாட்டார்கள்.

சரி, ‘விருப்பம், கவசம்’ என்பதுதான் பெயரின் பொருளா என்றால், அங்கேயும் ஒரு படி மேலே போக வேண்டியிருக்கிறது. பெயர்ப்புத்தகங்களும் இணையப் பட்டியல்களும் வில்லியத்துக்கு ‘உறுதிமிக்க காவலன்’ என்று பொருள் எழுதுகின்றன. இரண்டு பகுதிகளையும் ஒட்டி ஒரு தொடராக்கும் இந்த வழக்கம் பிற்காலத்தது. பழைய ஜெர்மானியர் பெயர் வைத்த முறை வேறு. அவர்களிடம் போர், அமைதி, புகழ், ஒளி, செல்வம், காவல் போன்ற பெயர்ப்பகுதிகளின் தொகுப்பு ஒன்று இருந்தது. அதிலிருந்து இரண்டை எடுத்துச் சேர்த்தார்கள். ராபர்ட்டில் புகழும் ஒளியும். எட்வர்டில் செல்வமும் காவலும். போ தோட்டம் தொடங்கிய ரசலின் நடுப்பெயரான ஆர்ச்சிபால்டில் மெய்ம்மையும் துணிவும். தொடர்ப்பொருள் அவர்களுக்கு முக்கியமில்லை என்பதற்குச் சான்று, ஒட்டினால் பொருளே வராத பெயர்கள். ஆறாம் நூற்றாண்டில் பிராங்கியரின் அரசியாக இருந்த ஃபிரெடெகுண்ட் என்பவரின் பெயரில் அமைதியும் போரும் ஒன்றாக நிற்கின்றன. ஹில்டெகுண்ட் என்ற பெயரில் இரண்டு பகுதிகளுக்கும் போர் என்றே பொருள். அப்படியானால் எதற்காகச் சேர்த்தார்கள்? இங்கிலாந்தின் ஆல்பிரட் அரசனுடைய தந்தை ஏதெல்வுல்ஃப். அண்ணன்மார் ஏதெல்பால்ட், ஏதெல்பெர்ட், ஏதெல்ரெட். பெயர்ப்பகுதி ஒன்றைத் தந்தையிடமிருந்து வாங்கிப் பிள்ளைகள் சுமந்தார்கள். இவன் இந்த வீட்டுப் பிள்ளை என்பதே அந்தப் பெயர் சொன்ன முதற்செய்தி.

தமிழ் வாசகருக்கு இது புதிதல்ல. கரூருக்கு அருகே புகலூரில் உள்ள சேரர் கல்வெட்டில் தந்தை பெருங்கடுங்கோன், மகன் இளங்கடுங்கோ. சோழருக்குக் கிள்ளி: நலங்கிள்ளி, நெடுங்கிள்ளி, பெருநற்கிள்ளி. பாண்டியருக்குச் செழியனும் வழுதியும். முன்னே நிற்கும் அடை ஆளைப் பிரித்துக் காட்டியது, பின்னே நிற்கும் பகுதி குடியைக் காட்டியது. அதைவிடப் பெரிய சான்று நம் உறவுமுறைச் சொல்லிலேயே இருக்கிறது. பேரன் என்பது பெயரன், பேத்தி பெயர்த்தி. பாட்டன் பெயரைத் தாங்குபவன் என்பதே அந்த உறவுக்குப் பெயராகிவிட்டது. வில்லியத்தின் பொருள் என்ன என்று பழைய ஜெர்மானியன் ஒருவனிடம் கேட்க முடிந்தால், கவசத்தைப் பற்றிப் பேசுவதற்கு முன் தன் பாட்டனைப் பற்றித்தான் பேசியிருப்பான் என்று நினைக்கிறேன். குப்புசாமி என்ற பெயரை ஏன் வைத்தீர்கள் என்று தோட்டத்துப் பெரியவரிடம் கேட்டால் வரக்கூடிய விடையும் அதுதானே.

வில்லியம் என்ற பெயர் பரவிய வரலாறும் இதையே சொல்கிறது. சார்லமேன் காலத்தில் பிரான்சின் தெற்கே கெல்லோனில் மடம் நிறுவிய பிரபு ஒருவருக்கு இந்தப் பெயர். பின்னர் அக்விடைன் நாட்டுப் பிரபுக்கள் தலைமுறை தலைமுறையாக இதைச் சுமந்தார்கள். வடக்கே இருந்து கொள்ளையராக வந்து நார்மண்டியில் குடியேறிய ரோலோ, தன் மகனுக்கு வைத்தது தன் நாட்டுப் பெயரல்ல, குடியேறிய மண்ணின் பெயரான வில்லியம். அவர் வழிவந்த இன்னொரு வில்லியம் 1066இல் இங்கிலாந்தை வென்றார். அதன்பின் சில தலைமுறைகளுக்குள் அந்நாட்டு மக்கள் ஏதெல்ரெட், வுல்ஃப்ஸ்தான் போன்ற தங்கள் பெயர்களைக் கைவிட்டு ஆண்டவர்களின் பெயர்களை எடுத்துக்கொண்டார்கள். பன்னிரண்டாம் நூற்றாண்டில் நார்மண்டியில் நடந்த அரச விருந்து ஒன்றில், வில்லியம் அல்லாதவர்களை எல்லாம் வெளியே அனுப்பிய பிறகும் நூறுக்கு மேற்பட்ட வீரர்கள் ஓர் அறையில் உண்டதாக அக்காலக் குறிப்பு ஒன்று சொல்கிறது. விடுபட்ட ஏதெல்ரெட்டும் ஜெர்மானியப் பெயர்தான், வந்து அமர்ந்த வில்லியமும் ஜெர்மானியப் பெயர்தான். அகராதிப் பொருளில் ஒன்று மற்றொன்றைவிட உயர்ந்ததில்லை. வென்றது பொருளல்ல, அதைத் தாங்கியவர்களின் ஆட்சி. அதே ஆட்சிவழியில்தான் பெயர் கிழக்கே வந்தது: கல்கத்தாவின் வில்லியம் கோட்டை, கெடாவில் பிறந்து ஆஸ்திரேலியாவின் அடிலெய்ட் நகரை வரைந்த நில அளவையாளர் வில்லியம் லைட், இந்த மலைக்கு வந்த வில்லியம் கேமரன்.

இறுதியாக ஒரு கேள்வி நிற்கும். ‘வெள்ளைக்காரத் துரையின் பெயருக்கு ஏன் இவ்வளவு ஆராய்ச்சி? இந்த மலையில் கொழுந்து பறித்தவர்களின் பெயர்கள் எந்த வரைபடத்தில் இருக்கின்றன?’ இது நியாயமான கேள்வி. அதற்கு விடை, வில்லியத்தை அறிய நாம் நடந்த வழியில் நம் பெயர்களுக்காகவும் நடப்பதுதான். ஒரு வில்லியத்தை ஆயிரம் ஆண்டு பின்தொடர முடிவதற்குக் காரணம், மடங்களும் அரசவைகளும் தேவாலயங்களும் அந்தப் பெயரை எழுதிவைத்தன என்பதே. தோட்டத்துப் பெயர்களை எழுதியவர்கள் கிராணிமார்களும் பதிவு அலுவலர்களும். காதில் விழுந்தபடி உரோமன் எழுத்தில் எழுதியதால் ஒரே குடும்பத்தில் அப்பன் பெயர் ஒருவிதமாகவும் பிள்ளையின் அடையாள அட்டையில் வேறுவிதமாகவும் நிற்பது மலேசியத் தமிழர்கள் நன்கு அறிந்ததுதான். ஆனாலும் அந்த அட்டையில் மகன், மகள் என்று காட்டும் ‘ஏ/எல்’, ‘ஏ/பி’ என்ற குறிக்குப் பின்னே தந்தையின் பெயர் நிற்கிறது. தாத்தாவின் பெயர் தந்தையின் பிறப்புப் பத்திரத்தில் இருக்கிறது. எந்த ஊரிலிருந்து, யார் பெயரைத் தாங்கி வந்தார்கள் என்பதை வீட்டில் மூத்தவர்கள் இருக்கும்போதே தமிழ் எழுத்தில் எழுதிவைப்பது நம் கையில் உள்ள வேலை.

பிறக்கும் பிள்ளைக்கு நல்ல ஓசையும் நல்ல பொருளும் உள்ள பெயரைப் பெற்றோர் தேடுவதில் குறையில்லை. இணையப் பட்டியல் சொல்லும் பொருளோடு தேடல் முடிந்துவிடும்போதுதான் பேரன் என்ற சொல் தன் பொருளை இழக்கிறது. ஜெர்மானியரின் ‘வில்’ நமக்கு உயிலாக வந்து சேர்ந்திருக்கிறது: முன்னே போனவரின் விருப்பம், பின்னே வருபவர் கையில். ஒரு பெயரின் பொருளையும் அங்கேதான் பார்க்க வேண்டும் என்று நான் நம்புகிறேன். நிலம் எழுதிவைக்க இல்லாத வீட்டிலும் பெயர் என்ற உயில் உண்டு. அதை வாங்கிக்கொள்பவர், தந்தவர் யாரென்று தெரிந்து வாங்கிக்கொள்ளட்டும்.